பூனை வீடியோவுக்கு அப்புறம்

ஸ்ட்ரெச்சரில் கிடந்த தனசேகரின் வாய் ஒரு பக்கமாகக் கோணியிருந்தது.

"கடைசியா எப்போம்மா தெளிவா பேசினார்? நேரம் தெரிஞ்சாத்தான் ரத்தக்கட்டியைக் கரைக்கிற ஊசி போட முடியும்" என்றார் டாக்டர்.

"பக்கத்துலயேதான் சார் இருந்தேன்" என்றாள் மனைவி சுகந்தி. "கை மரத்துப்போகுதுடின்னார். நான் 'ம்'னேன்."

"மத்தியானம் சாப்பிடுறதுக்கு முன்னாடியா, பின்னாடியா?"

"பூனை வீடியோவுக்கு அப்புறம் சார். அதுக்கு லைக் போட்டேன், நேரத்தோட பதிஞ்சிருக்கும்."

கைபேசியைத் திறந்து தேடினாள். கட்டைவிரல் தள்ளிக்கொண்டே போனது. டாக்டர் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார்.

விரல் ஓரிடத்தில் நின்றது. திரையில் யாரோ பரோட்டாவுக்கு மாவு வீசிக்கொண்டிருந்தார்கள்.

"கிடைச்சுதாம்மா?"

"ம்" என்றாள் சுகந்தி, நிமிராமல்.