செய்தவர் பெயர்

லாட்ஜுகளுக்கு சாஃப்ட்வேர் விற்கும் அந்தத் திருவண்ணாமலை ஆபீசில் டி.எல்.எல். எனும் நிரல் கோப்புகளைப் பிரிப்பது கவிநிலாவின் வேலை. ஒவ்வொன்றிலும் பதிப்பு எண், தேதி, செய்தவர் பெயர் பார்த்து, வெளியிலிருந்து வந்தது எது, இங்கே எழுதியது எது என்று தனித்தனியாக வைப்பாள். இங்கே எழுதியவை எல்லாம் மாறன் எழுதியவை. போன மாதம் பெங்களூர் ரோட்டில் லாரி மோதி மாறன் இறந்துபோனான்.

இன்று அவன் எழுதிய கோப்புகளில் செய்தவர் பெயர் சக்கரபாணி என்றிருந்தது. அது முதலாளியின் பெயர். அவளுக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. நேராக அவரிடம் போனாள்.

"மாறன் எழுதினதுல உங்க பேரு எப்படிங்க வந்துச்சு?"

"செத்தவனுக்கு எதுக்கும்மா பேரு? போய் வேலையப் பாரு."

பல்லைக் கடித்துக்கொண்டு இருக்கைக்குத் திரும்பினாள். இப்போது திரையில் சக்கரபாணி போய் மாறன் பெயர் இருந்தது. திருத்திய தேதி இன்றையது.

"உன் கைவரிசையா?" என்று பாய்ந்தார், பின்னாலேயே வந்து திரையைப் பார்த்த சக்கரபாணி.

"நான் தொடவே இல்லைங்க."

அவரே உட்கார்ந்து தன் பெயரை அடித்தார். சேமித்ததும் மாறன் என்று வந்தது. மறுபடி அடித்தார். மறுபடியும் மாறன்.

கவிநிலா எட்டி, மற்ற கோப்புகளைத் திறந்து காட்டினாள். அமெரிக்காவிலிருந்து வந்தவை, மாறன் கண்ணால்கூடப் பார்க்காதவை. எல்லாவற்றிலும் செய்தவர் பெயர் மாறன் என்றே இருந்தது.

"இப்ப எத சார் பிரிக்கிறது?" என்றாள். அவள் கோபம் துளியும் தணியவில்லை.

சக்கரபாணி இரண்டு உள்ளங்கைகளாலும் திரையைப் பொத்திக்கொண்டார்.