ரத்தத்துக்கேற்ற வசனம்

பவித்ராவின் முதல் நாவலை மலேசியப் பதிப்பகத்தின் கணினி நிறுத்திவைத்தது. அதில் வரும் அம்மா பவித்ராவின் சொந்த அம்மாதான்; ரத்தச் சோதனைப்படி முழுச் சீனப் பெண். பேசுவதோ முழுத் தமிழ். கதையில் வருபவர்கள் அவரவர் ரத்தத்தின் மொழியில்தான் பேச வேண்டுமாம்.

"எங்கம்மா பொறந்த மூணாம் நாளே தமிழ்க் குடும்பம் எடுத்து வளத்த பிள்ளை சார். சீனத்துல ஒரு சொல் தெரியாது. ஈப்போ மார்க்கெட்டுல பூ விக்கிறாங்க, வந்து பேசிப் பாருங்க."

"நான் நம்புறேன் லா. கணினி நம்பணுமே!" என்றார் பதிப்பாசிரியர் குணாளன்.

பவித்ரா அம்மாவிடம் கற்ற பேரத்தில் இறங்கினாள். நாற்பது தமிழ் வசனம் கேட்டாள். குணாளன் இரண்டு என்றார். மூன்றில் படிந்தது. சீனத்தில் திட்டினால் அம்மாவாகவே இருக்காதென்று, மூன்றையும் வசவுகளுக்கே கொடுத்தாள். மற்றதையெல்லாம் கணினி சீனமாக்கி அச்சுக்கு அனுப்பியது.

பூத் தொடுப்பதை நிறுத்திவிட்டு அம்மா புத்தகத்தைப் புரட்டினாள். வசவுகளைப் படித்துச் சிரித்தாள். பிறகு ஒரு பக்கத்தில் விரல் நின்றது.

"உங்கப்பா செத்தன்னைக்கு நான் என்னாடி சொல்றேன் இங்க?"

"நான் எழுதினது தெரியும்மா. இதுல என்ன இருக்குன்னு எனக்கும் தெரியாது."

அம்மா எதிர்க்கடைச் சீன மீன்காரரைக் கூப்பிட்டாள்.

"ஆ சோங்! கைய கழுவிட்டு வா. நான் எப்படி அழுதேன்னு படிச்சுச் சொல்லு."