தூங்கினால்தான் பாலம்

உலகில் நிற்பதெல்லாம் யாரோ ஒருவர் காணும் கனவால்தான் நிற்கிறது என்பது துயில்நெறியாரின் கொள்கை. ஊரை ஒட்டிய கிடுகிடு பள்ளத்தின் மேல் பாலம் வேண்டுமென்றால், அவர்களில் ஒருத்தியான அல்லி கரையில் படுத்துத் தூங்க வேண்டும். கூத்தன் இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தவன். இன்று காய்ச்சலில் கொதிக்கும் மகளைத் தோளில் போட்டுக்கொண்டு வந்து நின்றான். வைத்தியர் அக்கரையில் இருந்தார். பாலம் இல்லை.

"தூக்கமே வரமாட்டேங்குதுண்ணே," என்றாள் அல்லி, பாயில் புரண்டபடி. "நீங்க இப்படி முறைச்சுப் பாத்துக்கிட்டு நின்னா எப்படி வரும்?"

கூத்தன் அவள் தலைமாட்டில் உட்கார்ந்தான். மகளுக்குப் பாடும் தாலாட்டை வெட்கத்தோடு பாடினான். அல்லியின் இமைகள் மூடின. வெறும் வெளியில் பலகைகள் ஒவ்வொன்றாகத் தெரிந்தன. பாடிக்கொண்டே ஏறி நடந்தான்.

பாதி வழியில் தும்மல் சத்தம் கேட்டுத் திரும்பினான். அல்லி விழித்து உட்கார்ந்திருந்தாள். கடந்து வந்த பலகைகளில் ஒன்றுகூட இல்லை. ஆனாலும் அவன் விழவில்லை. தோளில் மகள் சீராக மூச்சுவிட்டு உறங்கிக்கொண்டிருந்தாள். அவன் காலடியிலும் முன்னாலும் பலகைகள் இருந்தன, குழந்தையின் பாதம் அளவே ஆன சின்னச் சின்னப் பலகைகள்.

கரையில் அல்லி சத்தமில்லாமல் கை கூப்பினாள். கூத்தன் நுனிக்காலில் அடியெடுத்து வைத்து, தாலாட்டை முதலிலிருந்து தொடங்கினான்.