பழைய தலை

"நீங்க செஞ்ச சிலை அவரே இல்ல சார்!" என்றபடி நகராட்சி அதிகாரி ஒரு பழைய போட்டோவை மேசைமேல் வைத்தார்.

சிற்பி கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்த்தார். ஊருக்குப் பாலம் கட்டிக்கொடுத்த இன்ஜினியர். வழுக்கைத் தலை, உப்பிய கன்னம், வாயை மறைக்கும் மீசை. ஆனால் பாலத்தின் முனையில் அவர் பெயரில் நாற்பது வருடமாக நிற்கும் வெண்கலச் சிலைக்கோ ஒட்டிய கன்னம், விடைத்த காது, தலை நிறையச் சுருட்டை முடி!

"அப்போ அவர் போட்டோ ஒண்ணுகூடக் கிடைக்கல. பொருத்தமா ஒரு முகத்தை வைங்கன்னு உங்க ஆபீஸ்லதான் சொன்னாங்க" என்றார் சிற்பி.

"உங்களைக் குறை சொல்லல சார். திறப்பு விழாவுல அவர் பேரனே, 'தாத்தாவை அப்படியே உரிச்சு வச்சிருக்கீங்க'ன்னு உங்களைக் கட்டிப்பிடிச்சு அழுதாராமே!"

"அந்தப் பிள்ளை தாத்தாவைப் பார்த்ததே இல்ல."

அதிகாரி வாய்விட்டுச் சிரித்தார். "இப்போ அதே பேரன்தான் பரண்ல இந்தப் போட்டோவைக் கண்டுபிடிச்சு, தலையை மாத்துங்கன்னு ஒத்தைக் கால்ல நிக்கிறார்."

டீ கொண்டுவந்த சிற்பியின் அக்கா அங்கேயே நின்றுவிட்டாள். "அது என் தம்பி செஞ்ச முதல் சிலை. அதுல யாரும் கை வைக்கக் கூடாது."

"உடம்பு அப்படியே இருக்கும்மா. தலை மட்டும்தான்."

"தலை போனப்புறம் உடம்பு இருந்தா என்ன, இல்லாட்டி என்ன?"

பெரிய சிலைகளுக்குத் தலையைத் தனியாக வார்த்துத்தான் கழுத்தில் பொருத்துவார்கள். மாற்றுவது பெரிய வேலையில்லை. அதிகாரி அதைத் தெரிந்துகொண்டுதான் வந்திருந்தார். "பழைய தலையை உருக்கி, அதுலயே புதுசை வார்த்துடலாம். செலவும் மிச்சம்."

உருக்கி என்றதும் அக்கா நீட்டவந்த டீயைத் தன் பக்கமே இழுத்துக்கொண்டாள்.

கலைஞனின் கர்வம் கூடப் பிறந்தவர்களையும் தொற்றிக்கொள்ளும்போல என்று அதிகாரி நினைத்துக்கொண்டார். இத்தனைக்கும் அந்தக் கூடத்தில் கர்வப்பட்டுக்கொள்ளும்படி எதுவும் இல்லை. குதிரைமேல் தளபதி, கொடி ஏந்திய தலைவர் என்று ஊர் ஊராகச் சிலை வைத்தவர் வீட்டுச் சுவரில் இருந்தது அவருடைய அம்மாவின் படம் மட்டும்தான். பக்கத்தில் இன்னொரு ஆணி வெறுமனே இருந்தது. ஏதாவது விருது வந்தால் மாட்ட வைத்திருக்கிறார்களோ என்னவோ!

சிற்பி போட்டோவை எடுத்து வைத்துக்கொண்டார். "செஞ்சு தர்றேன்."

"தம்பி!"

"பேரு அவரோடது. முகமும் அவரோடதுதானேக்கா இருக்கணும்? இத்தனை வருஷம் நின்னதே பெரிசு, போதும்." பிறகு அதிகாரியிடம் திரும்பினார். "ஆனா பழைய தலையை உருக்கக் கூடாது. எனக்குக் கூலியே வேண்டாம். அந்தத் தலையைக் கொடுத்துடுங்க."

"அதை வச்சு என்ன சார் பண்ணுவீங்க?"

"வீட்ல வச்சுக்குவோம்."

வேலை இவ்வளவு சுலபமாக முடியும் என்று அதிகாரி எதிர்பார்க்கவில்லை. மனம் மாறுவதற்குள் கிளம்பிவிட்டார்.

மழைக்காலம் முடிந்ததும் புதுத் தலை ஏறியது. பேரன் மறுபடியும் சிற்பியைக் கட்டிப்பிடித்து அழுதார். பழைய தலை சாக்கில் சுற்றி வேனில் வந்து இறங்கியது. ஆட்கள் மூச்சு வாங்கத் தூக்கிவந்து, கூடத்தில் அந்த வெறும் ஆணிக்கு நேர் கீழே ஒரு முக்காலியில் வைத்துவிட்டுப் போனார்கள்.

அக்கா ஈரத்துணியால் பறவை எச்சத்தைத் துடைத்தாள். காதுக்குப் பின்னால்கூட விடாமல் துடைத்தாள்.

"காதை அன்னைக்கே சரியா வச்சுட்டேடா. மூக்குக்குத்தான் என்னைப் பட்டறைக்கு எத்தனை தடவை வரவழைச்சே!"

"அந்த முகத்தைப் பார்த்தப்போ நான் சின்னப் பையன்க்கா. உனக்குத்தானே நல்லா ஞாபகம் இருந்துச்சு."

அக்கா நிமிர்ந்து சுவரில் இருந்த படத்தைப் பார்த்தாள்.

"பாலத்துக்குக் கல் தூக்கப் போன மனுஷன் ஆத்தோட போயிட்டாரே, பார்த்து அழ ஒரு போட்டோகூட இல்லையேன்னு புலம்பிக்கிட்டே இருந்தியேம்மா... இதோ பாரு, அப்பா வீட்டுக்கு வந்துட்டார்."