அணைந்த சில்லு

இப்போது எவன் மனுஷன் முகத்தைப் பார்க்கிறான்? எல்லாரும் கழுத்தில் தொங்கும் கண்ணாடியைத்தான் பார்க்கிறார்கள் என்று கிழவர் சடையன் பொருமினார். பிறந்த அன்றே கட்டிவிடும் அந்தக் கண்ணாடிச் சில்லு தானாக ஒளிரும். அணைந்தால் ஆள் போய்விட்டதாக ஊர் முடிவு செய்யும். அவர் மனைவி மாசாணியின் சில்லு மத்தியானம் அணைந்தது. உடனே பாடையில் கிடத்திவிட்டார்கள்.

“இவ உள்ளங்கால் இன்னும் சுடுதுடா!”

“கண்ணாடி பொய் சொல்லுமா மச்சான்? நீங்க என்ன பெரிய வைத்தியரா?” என்றான் அவள் தம்பி.

“நாப்பது வருசமா இந்தக் காலைப் புடிச்சு விடுறவன்டா நான்.”

மாசாணியின் சில்லை அறுத்தெறிந்துவிட்டு, அவளைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டு நடந்தார். பின்னால் ஒப்பாரி ஓங்கியது. பிடரியில் இளஞ்சூடாக ஏதோ பட்டது. மூச்சா வெயிலா என்று அவர் நின்று பார்க்கவில்லை.