ஒப்பந்தச் சிங்கத்தின் வாக்குமூலம்

"வேட்புமனு தள்ளுபடி" என்று தேர்தல் அலுவலர் சொன்னதும், ஏழாவது வார்டின் வருங்கால கவுன்சிலர் சேவுகனுக்குப் பேரூராட்சி அலுவலகமே ஒரு சுற்றுச் சுற்றி நின்றது.

வருங்காலம் என்றால் நேற்று முளைத்த வருங்காலம் இல்லை. மகள் பூஜாவின் காதுகுத்துப் பத்திரிகையிலேயே அப்படிப் போட்டுக்கொண்டவர். பூஜாவுக்கு இப்போது மாப்பிள்ளை நிச்சயமாகிவிட்டது. கல்யாணப் பத்திரிகையில் 'வருங்கால' இருக்காது, வெறும் 'கவுன்சிலர்'தான் என்று சம்பந்தி வீட்டில் சத்தியம் செய்துவிட்டு வந்திருந்தார்.

அந்தச் சத்தியத்தில்தான் மண் விழுந்தது.

ஆட்சேபம் சொன்னவர் எதிர்த்து நிற்கும் தையல் கடை பெனாசிர். பேரூராட்சியில் ஒப்பந்த வேலை எடுத்து நடத்திக்கொண்டிருப்பவர் தேர்தலில் நிற்கக் கூடாது என்பது சட்டம். சேவுகன் எடுத்திருக்கிறார் என்பதற்கு அத்தாட்சி, சேவுகனே வைத்த பிளெக்ஸ்.

அது சாதாரண பிளெக்ஸ் இல்லை. இங்கே கட்டினால் இளையாத்தங்குடியில் கண் கூசும். ரோடு ரோலர் மேல் கூலிங் கிளாஸோடு சேவுகன். கீழே, 'ஏழாவது வார்டுக்குச் சாலை தந்த, தந்துகொண்டிருக்கும் ஒப்பந்தச் சிங்கமே'.

அந்தத் 'தந்துகொண்டிருக்கும்' மட்டும் இல்லாமல் இருந்தால்கூடப் பிழைத்திருப்பார். எப்போதோ எடுத்து முடித்த வேலை என்று சொல்லி நழுவியிருக்கலாம்.

"இன்னும் கையெழுத்துப் போடல. மறுப்பு இருந்தா இப்பவே சொல்லுங்க," என்றார் அலுவலர்.

சேவுகன் தொண்டையைச் செருமினார். பின்னால் அவருடைய ஆட்கள் அத்தனை பேரும் நின்றார்கள். சிங்கம் என்று கோஷம் போட்டே தொண்டை கட்டிப்போனவர்கள்.

"அந்த ரோடு நான் போடல சார்."

"சத்தமாச் சொல்லுங்க."

"நான் போடல."

பெனாசிர் எதிர்வாதம் எதுவும் செய்யவில்லை. முந்தானையைச் சரிசெய்துகொண்டு, மேலே சொல்லுங்கள் என்பதுபோலத் தலையாட்டினார்.

சேவுகனின் மனுவை முன்மொழிந்த ராமுத்தாய்க்குப் பொறுக்கவில்லை. தன் ஆளைக் காப்பாற்றுவதென்று முடிவு செய்து முன்னால் வந்தார்.

"அய்யா, எந்தக் கோயில்ல வேணும்னாலும் சூடம் அணைக்கிறேன். இவுக எங்க வார்டுக்கு ஒரு செங்கல்லு எடுத்து வச்சதில்ல. அங்குட்டு ரோலரு நின்னுச்சு, ஏறுனாக, போட்டோ எடுத்தாக, இறங்கிட்டாக. இறங்கத் தெரியாம ரெண்டு பேரு தூக்கித்தான் இறக்குனோம்."

சேவுகன் அவரை நன்றியோடு பார்த்தார். அப்படி ஒரு நன்றியை எந்த மனிதனின் முகத்திலும் யாரும் பார்த்திருக்க முடியாது.

அலுவலர் மற்ற பிளெக்ஸ் படங்களையும் ஒவ்வொன்றாகக் காட்டினார். குடிநீர்த் தொட்டி?

"சத்தியமா நானில்ல."

கழிவுநீர் வாய்க்கால்?

"அந்தப் பக்கமே நான் போனதில்ல சார்."

தெருவிளக்கு?

"எங்க வீட்டு வாசல் விளக்கே எரியாது சார்."

போகப் போக அவருக்கு உற்சாகம் பிறந்துவிட்டது. யாரும் கேட்காமலேயே ரேஷன் கடையையும் பஸ் நிறுத்தத்தையும் தாமாக முன்வந்து மறுத்தார். கேட்டிருந்தால் ரயில்வே ஸ்டேஷனையும் மறுத்திருப்பார். பின்னால் நின்ற ஆட்களும் சும்மா இருப்பார்களா? ஆமா சார், அண்ணன் எதுவுமே செய்யல சார் என்று அதே கோஷக் குரலில் சாட்சி சொன்னார்கள்.

எழுதிக் கொடுங்கள் என்றார் அலுவலர்.

'ஏழாவது வார்டில் நான் இதுநாள்வரை எந்தப் பணியும் செய்ததில்லை, செய்துகொண்டிருக்கவும் இல்லை' என்று முத்து முத்தாக எழுதி, சேவுகன் கையெழுத்துப் போட்டார்.

மனு ஏற்கப்பட்டது.

வெளியே வெடித்த சரவெடிச் சத்தத்தில் காரைக்குடி டவுன் பஸ் நின்றுவிட்டுப் போனது. கழுத்தில் விழுந்த மாலைகளால் சேவுகனின் காது இரண்டும் மறைந்தன.

ஆட்சேபம் சொன்னவர் என்ற முறையில் அந்த வாக்குமூலத்தின் முத்திரை வைத்த நகல் ஒன்றை வாங்கிக்கொண்டு, பெனாசிரும் படியிறங்கி வந்தார்.

"வாழ்த்துகள் அண்ணே. ஒரு வார்த்தை பொய் கலக்காமப் பேசுனீக."

தோற்றவள் வேறு என்னதான் சொல்வாள் என்று சேவுகன் பெருந்தன்மையாகக் கும்பிட்டார்.

டீ ஆறுவதற்குள் செல்போன் அடித்தது. அவருடைய பிளெக்ஸ் எல்லாவற்றையும் அடித்துக் கொடுக்கும் தேவகோட்டை ரோட்டு நாசர்.

"அண்ணே, உங்க கையெழுத்தும் முத்திரையுமா இருக்குற காகிதத்த அப்படியே பிளெக்ஸா அடிக்கச் சொல்லி ஒரு ஆர்டர் வந்திருக்கு. நீங்க வழக்கமா வைக்கிறதவிட ரெண்டு மடங்கு பெருசு, வார்டு பூராவும் கட்டணுமாம். காசு அந்தத் தையல் கடை அம்மா கட்டிட்டாக. பக்கத்துல உங்க படம் ஒண்ணு கேக்குறாக. அந்த ரோலரு மேல உக்காந்திருக்கீகள்ல, அதையே வச்சிரவா?"