மிஸ் என்றால்

நாலாம் வகுப்புக்கு இங்கிலீஷ் எடுக்கும் அவளைப் பிள்ளைகள் மட்டுமல்ல, வாட்ச்மேனும் ஆட்டோக்காரரும்கூட மிஸ் என்றுதான் கூப்பிடுவார்கள். ஐம்பதைத் தாண்டியவள், வீட்டில் தனி ஆள். அன்று ஒரே ஓசையில் முடியும் சொற்களைப் பாடமாக நடத்தினாள்.

"மிஸ் மாதிரி முடியிற இன்னொரு வார்த்தை சொல்லுங்க."

"கிஸ்!" என்றாள் கடைசி பெஞ்ச் தன்யா. வகுப்பே வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது. மிஸ்ஸுக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

"மிஸ்னா டீச்சர்தானே, மிஸ்?" என்று தன்யா கேட்டாள்.

மிஸ் அகராதியைப் புரட்டி வாசித்தாள். "தவறவிடுறது. ஒருத்தர் இல்லாம ஏங்குறது. கல்யாணமாகாத பொண்ணு."

"டீச்சர்னு போடலையா?"

"போடல. அது நாமளா வெச்சுக்கிட்டது."

"அப்ப உங்க நெஜப் பேரு என்ன மிஸ்?"

சொல்ல வாயெடுத்தவள், திரும்பிப் போர்டில் எழுதினாள். புதுச்சொல் எழுதினால் சேர்ந்து வாசிப்பது வகுப்பின் வழக்கம். பிள்ளைகள் இழுத்து வாசித்தார்கள்: "செண்பகவல்லீ!"

அம்மா போன பிறகு அந்தப் பேரைச் சொல்லி அவளை யாரும் கூப்பிட்டதில்லை.

போர்டைப் பார்த்தபடியே நின்றவள், "இன்னொரு தடவை," என்றாள்.